ஆழியேட்டுக்கு எத்தனை படி?

தக்கலைப் பக்கத்துத் தம்பி ஒருவர் கற்பனை உலகம் ஒன்றைக் கட்டி நாவல் எழுதிக்கொண்டிருக்கிறார். நம் குமரி முனை போலவே மூன்று கடல் கூடும் ஒரு நாடு. அங்கே 'ஆழியேடு' என்று ஒரு மந்திரச் சுவடி. 3,000 வருடத்துக்கு முன் எழுதப்பட்டு, கடலடிக் குகையில் கிடந்து, கதாநாயகன் கைக்குப் பளபளவென்று அப்படியே வந்து சேர்கிறது. திறந்தால் ஒளி வீசும். உரக்க வாசித்தால் கடல் சொன்னபடி கேட்கும். அவர் கேட்டது இரண்டு விஷயம். இந்தச் சுவடியைப் படிக்கிறவர் நம்பும்படி எழுதுவது எப்படி? இன்னும் 500 வருடம் கழித்து அந்த நாட்டில் அது எதை விட்டுப் போயிருக்கும்?

தம்பி, கடல் பேச்சுக்குக் கட்டுப்படுவதில் எனக்கு ஒரு தகராறும் இல்லை. உங்கள் உலகம், உங்கள் கடல். 3,000 வருடம் ஓலை கிடந்தது என்கிறீர்கள் பாருங்கள், அங்கேதான் எனக்கு இடிக்கிறது. பனை பார்த்து வளர்ந்த ஊரில் இருந்துகொண்டு இப்படி எழுதினால் கருப்பட்டி விற்கிற ஆச்சிகூட நம்ப மாட்டாள். நம் மாவட்டத்துக்குத் தென்மேற்கு மழையும் உண்டு, வடகிழக்கு மழையும் உண்டு. எவ்வளவு பக்குவமாக வைத்தாலும் ஓலை 200, 300 வருடம் தாங்கினால் பெரிய காரியம். கரையான் அரிக்கும், இராமபாணப் பூச்சி துளை போடும், ஓரம் பொடிப்பொடியாக உதிரும். சங்க நூல்களில் ஒன்றுகூட அதைப் பாடியவர் காலத்து ஓலையில் நம்மிடம் வரவில்லை. ஒன்றைப் பார்த்து ஒன்று, அதைப் பார்த்து இன்னொன்று என்று படியெடுத்துப் படியெடுத்துத்தான் வந்து சேர்ந்தது.

ஆகவே ஆழியேட்டை ஒரு பொருளாக நினைக்காதீர்கள். 250 வருடத்துக்கு ஒருமுறையாவது யாரோ ஒருவர் உட்கார்ந்து திரும்ப எழுதியாக வேண்டிய ஒரு வேலை அது. 3,000 வருடம் என்றால் குறைந்தது 12 படி. அந்த 12 பேரில் ஒருவருக்குக் கண் மங்கியிருக்கும். ஒருவர் அவசரக்காரர். ஒருவர் தனக்குப் புரியாததையெல்லாம் திருத்தி வைக்கிற மேதாவி. உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பதில் இங்கேயே ஆரம்பித்துவிட்டது.

அப்படியே மாறாமல் கிடக்கத்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தால் செப்பேடு ஆக்குங்கள், இல்லை பாறையில் வெட்டுங்கள். சிதறால் மலையிலும் திருநந்திக்கரையிலும் வட்டெழுத்து இன்றைக்கும் பாறையில் இருக்கிறது. பார்த்திவசேகரபுரத்தில் 9-ஆம் நூற்றாண்டில் ஆய் மன்னன் கருநந்தடக்கன் கோயிலோடு சேர்த்து 95 பேர் படிக்க ஒரு சாலை அமைத்ததைச் செப்பேடுதான் சொல்கிறது. ஆனால் செம்பிலும் கல்லிலும் எழுதுவது எதை? நிலம், தானம், எல்லை, விதி. நாலு பேர் அறிய வேண்டியதை. மறைக்க வேண்டிய மந்திரத்தை யாராவது பாறையில் வெட்டுவார்களா? ரகசியத்துக்கு ஓலைதான் தோது. மடியில் செருகிக்கொண்டு ஓடலாம், ஆள் வந்துவிட்டால் அடுப்பில் போடலாம்.

சரி, ஒளி வீசுவதற்கு வருகிறேன். அதை எடுத்துவிடுங்கள். ஓலையில் அதைவிட நல்ல மாயம் ஒன்று இருக்கிறது. இளங்குருத்தும் வேண்டாம், முற்றின சாரோலையும் வேண்டாம். இரண்டுக்கும் நடுவில் உள்ளதை வெட்டி, ஈர்க்கு நீக்கி, நிழலில் உலர்த்தி, தண்ணீரில் வேகவைத்து, திரும்ப உலர்த்தி, சங்காலோ வழுவழுப்பான கல்லாலோ தேய்த்து எடுப்பார்கள். மஞ்சள் சேர்த்து வேகவைப்பதும் உண்டு. அப்புறம் எழுத்தாணி. அது ஓலையைக் கீறத்தான் செய்யும், எழுத்து கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. வெறும் ஓலை போலவே இருக்கும். விளக்குக் கரியைக் கோவையிலைச் சாற்றிலோ எண்ணெயிலோ குழைத்து மேலே பூசித் துடைத்தால், கீறலுக்குள் மட்டும் கரி தங்கி, வரி வரியாக எழுத்து எழும்பி வரும். உங்கள் கதாநாயகன் கையில் கிடைக்கும் ஏடு வெறுமையாகத் தெரியட்டும். அடுப்படியில் கரிக்கை துடைத்த ஒரு பெண் அதைத் தொடட்டும். பிறகு பாருங்கள், உங்கள் மஞ்சள் ஒளியெல்லாம் எந்த மூலைக்கு.

மரத்தையும் யோசித்து வையுங்கள். நாட்டுப்பனை ஓலை கெட்டி. குடைப்பனை என்றும் தாளிப்பனை என்றும் சொல்கிறோமே, அதன் ஓலை அகலம், மெல்லியது, வளைந்து கொடுக்கும். அந்த மரம் 30 முதல் 80 வருடம் வரை வளர்ந்து, ஒரே ஒரு தடவை உச்சியில் பூத்து, காய்த்து, செத்துப்போகும். கற்பனைக் கதைக்காரருக்கு இயற்கை இவ்வளவு எடுத்துக் கொடுக்கிறது. வேறு என்ன வேண்டும்? அந்த மரம் பூத்த வருடம்தான் புதுப் படி எடுக்க வேண்டும் என்று ஒரு வழக்கம் வைத்தாலே உங்கள் நாட்டுக்கு ஒரு நாட்காட்டி கிடைத்துவிடும்.

இப்போது உங்கள் மந்திரத்தில் இருக்கிற ஒரு ஓட்டை. படியெடுக்கும்போது ஒருவர் வாசிக்க இன்னொருவர் எழுதுவது உண்டு. உரக்க வாசித்தால் கடல் கேட்கும் என்று நீங்களே விதி போட்டுவிட்டீர்கள். அப்படியானால் படியெடுக்கும்போது வாசிப்பது யார்? கரையில் உட்கார்ந்து வாசித்தால் எழுதி முடிப்பதற்குள் ஊர் போய்விடும். இதை ஓட்டையாக விடாதீர்கள், கதையின் நடுத்தூணாக ஆக்குங்கள். நம் மாவட்டத்தில் மலையும் கடலும் எவ்வளவு பக்கம் பக்கம். பேச்சிப்பாறைக் காட்டில் இருந்து இறங்கினால் நல்ல நடைக்காரன் ஒரு பகலில் கடலைப் பார்த்துவிடுவான். உங்கள் நாட்டிலும் அப்படியே வையுங்கள். கடலுக்குக் காது எட்டாத மலைமேல் உட்கார்ந்து படியெடுக்கிற ஒரு கூட்டம். பரம்பரை பரம்பரையாகக் கடலின் ஏட்டைக் காப்பாற்றுகிறவர்கள், ஆனால் கடலைப் பார்த்ததே இல்லை, பார்க்கவும் கூடாது. 'அலை' என்ற சொல்லுக்கு அவர்கள் பிள்ளைகளுக்கு என்ன பொருள் சொல்லிக் கொடுப்பார்கள்? எனக்கு இந்த ஒரு கேள்விக்காகவே உங்கள் நாவலைப் படிக்கத் தோன்றுகிறது.

அடுத்து எழுத்து. இதில்தான் நீங்கள் கொஞ்சம் மெனக்கெட வேண்டும். இன்றைய அச்சுத் தமிழை நினைத்துக்கொண்டு சுவடியை எழுதாதீர்கள். ஓலையில் புள்ளி வைப்பதில்லை; ஓலை கிழியும், பொத்தலாகும். சொல்லுக்குச் சொல் இடம் விடுவதும் இல்லை. ர எழுத்தும் துணைக்காலும் பார்வைக்கு ஒன்று. எகரம் ஏகாரம், ஒகரம் ஓகாரம் ஆகியவற்றுக்கு இடையே வித்தியாசமும் கிடையாது. நாம் இன்று எழுதுகிற குறில் நெடில் வேறுபாட்டுக்கு 18-ஆம் நூற்றாண்டில் வழி செய்தவர் என்று வீரமாமுனிவரைத்தான் சொல்கிறார்கள். அதாவது 'எடு' என்பதும் 'ஏடு' என்பதும் ஓலையில் ஒரே உருவம். 'கொடு' என்பதும் 'கோடு' என்பதும் அப்படியே.

உங்களுக்காக ஒரு வரி கோத்துப் பார்த்தேன். ஆழியேட்டின் கடைசி வரி இப்படி இருக்கிறது என்று வையுங்கள்:

கடலவருமுனஎடுகொடு

ஒருவர் வாசிக்கிறார்: 'கடல் வருமுன் ஏடு கொடு.' கடல் பொங்கி வருவதற்குள் ஏட்டை அடுத்தவர் கையில் சேர்த்துவிடு என்கிறது. இன்னொருவர் வாசிப்பது: 'கடல் வருமுன் எடு கோடு.' கோடு என்றால் சங்கு. சங்கை எடுத்து ஊது, ஊரை எழுப்பு. மூன்றாமவர்: 'கடல் வருமுன் எடு, கொடு.' வீட்டில் இருப்பதை எடுத்து இல்லாதவருக்குக் கொடுத்துவிடு, எப்படியும் கடல் கொண்டுபோகப் போகிறது. நாலாவதாகவும் ஒருவர் கிளம்பலாம். கோட்டுக்கு மலை உச்சி என்றும் பொருள் உண்டே. குமரிக்கோடு கடலுக்குள் போன கதையைச் சிலப்பதிகாரம் சொல்லி நாம் கேட்டிருக்கிறோம். ஏட்டைக் கோட்டுக்குக் கொண்டு போ என்று அவர் சொல்லிவிட்டால் மலைமேல் படியெடுக்கிற கூட்டம் எப்படி வந்தது என்பதற்கும் கணக்கு சரியாகிவிடும்.

500 வருடம் கழித்து என்ன இருக்கும் என்றீர்கள். இந்த நாலு வாசிப்பும் நாலு வழக்கமாக இருக்கும். ஒரு கூட்டத்தில் பெண்ணுக்குச் சீர் வைக்கும்போது கடவம் என்கிற ஓலைப்பெட்டியில் அரிசிக்கு மேலே ஒரு ஏடு வைப்பார்கள். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று பெண்ணுக்கும் தெரியாது, மாப்பிள்ளைக்கும் தெரியாது. ஒரு கூட்டம் அந்திக்கு அந்தி கரையில் சங்கு ஊதும். ஏன் என்று கேட்டால் 'எங்க பாட்டா ஊதினாரு' என்று தாத்தாவை மட்டும் கைகாட்டுவார்கள். இன்னொரு கூட்டம் வருடத்தில் ஒரு நாள் கதவைத் திறந்து போட்டுவிட்டுத் தூங்கும். விடிந்ததும் வீட்டில் எது குறைந்தாலும் கேட்கக் கூடாது. நாலாவது கூட்டம் மலைமேல் படியெடுத்துக்கொண்டே இருக்கும். நாலு பேருக்கும் மூலம் ஒரே வரி என்பது யாருக்கும் தெரியாது, படிக்கிற வாசகருக்குத் தவிர. சங்கு ஊதுகிற கூட்டத்துக்கு மட்டும் கோட்டார் என்று பெயர் வைத்துவிடாதீர்கள். அது நாகர்கோவிலில் இருக்கிற இடத்தின் பெயர்; நாகர்கோவில்காரர்கள் கம்போளத்தில், அதாவது சந்தையில், நின்று சிரிப்பார்கள்.

'எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான்' என்று சும்மாவா சொன்னார்கள்? உங்களுக்கு அந்தக் கெடுதல்தான் மூலதனம்.

எங்கள் பாட்டா வர்ம வைத்தியம் பார்த்தவர். பனையில் இருந்து விழுந்தவர்களையும் சிலம்பத்தில் அடிபட்டவர்களையும் வீட்டுத் திண்ணைக்குத் தூக்கி வருவார்கள். அவரிடம் ஒரு சுவடிக்கட்டு இருந்தது. அடுக்களையில் அடுப்புக்கு நேர் மேலே கயிற்றில் தொங்கும். புகை பட்டால் பூச்சி அண்டாது. சரஸ்வதி பூஜைக்குத்தான் கீழே இறங்கும். கட்டை அவிழ்த்தால் முதலில் புகை வாசம், அப்புறம் புல்தைலத்தின் வாசம். மேலும் கீழும் இரண்டு மரச்சட்டம். கயிறு நழுவாமல் இருக்க அதன் நுனியில் ஓலையிலேயே நறுக்கிய கிளிமூக்கு. ஏட்டைப் புரட்டும்போது காய்ந்த பூவரச இலையை மிதித்த மாதிரி சத்தம் வரும். என்னை மடியில் வைத்துக்கொண்டு ராகம் போட்டு வாசிப்பார். ஒரு இடம் வந்ததும் நிறுத்திவிட்டு, ஏட்டை மூடி, என் தோளில் விரலை வைத்து, 'இது ஏட்டுல இருக்காது மக்கா' என்பார்.

உடம்பில் வர்மப் புள்ளி 108, அதில் படுவர்மம் 12, தொடுவர்மம் 96 என்று ஏடு எண்ணிக்கை சொல்லும். எங்கிருந்து எத்தனை விரற்கடை தள்ளி என்றும் சொல்லும். ஆனால் யாருடைய விரல்? அடிபட்டவனுடையதா, ஆசானுடையதா? அடி எவ்வளவு அழுத்தம் என்பதைக் கால் மாத்திரை, அரை மாத்திரை, முக்கால், முழு மாத்திரை என்று அளக்கிறார்கள். அரை மாத்திரைக்கும் முக்காலுக்கும் உள்ள தூரத்தை ஓலையில் எப்படிக் கீறுவது? கையில் தட்டிக் காட்டினால்தான் உண்டு. சில இடங்களில் ஆசான்மார் வேண்டுமென்றே அளவை மாற்றி எழுதி வைப்பார்கள் என்றும் பாட்டா சொல்வார். திருடிப் படிக்கிறவன் தவறாகத் தொட்டு மாட்டிக்கொள்ளட்டும் என்று. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பதை எங்கள் வீட்டில் பழமொழியாகச் சொல்வதில்லை, எச்சரிக்கையாகச் சொல்வார்கள்.

இதை அப்படியே ஆழியேட்டுக்கு எடுத்துக்கொள்ளுங்கள். ஏடு கிடைத்த உடனே கதாநாயகனுக்குச் சக்தி வந்துவிடக் கூடாது. ஏடு ஒரு பாதி, சொல்லித் தருகிற வாய் ஒரு பாதி. வாய் செத்துப்போய் ஏடு மட்டும் மிஞ்சின வம்சம் ஒன்று, ஏட்டைப் பறிகொடுத்து வாய் மட்டும் மிஞ்சின வம்சம் ஒன்று. இரண்டுக்கும் பேச்சுவார்த்தை இல்லை. இதற்கு மேல் வில்லன் என்று தனியாக ஒருவன் எதற்கு?

மந்திரம் என்பது வாசிக்கும்போது நடப்பது என்ற உங்கள் எண்ணம் மட்டும் சரியான இடத்தில் இருக்கிறது. நம் ஊரில் அம்மன் கொடைக்கு வில்லுப்பாட்டு கேட்டிருப்பீர்கள். கதை ஒரு கட்டத்துக்கு வந்ததும் அதுவரை சும்மா நின்றவர் மேல் சாமி வந்துவிடும். புலவருக்குத் தெரியும், இந்த அடிக்கு வரும் என்று. குடத்தில் தாளம் மாறும். அய்யாவழிக்காரர்களின் புனித நூலான அகிலத்திரட்டு அம்மானையை எடுத்துக்கொள்ளுங்கள். 19-ஆம் நூற்றாண்டில் ஏட்டில் எழுதப்பட்டு, 1939-ல் அச்சேறியது. புத்தகம் கையில் இருந்தும், கார்த்திகையில் சாமிதோப்பில் 17 நாள் திருஏடு வாசிப்புக்கு ஜனம் வந்து உட்கார்ந்து காதால் கேட்கிறது. எழுத்து தெரிந்தவருக்கும் அதைக் காதால் வாங்கினால்தான் நிறைவு. உங்கள் நாட்டில் ஆழியேட்டை அச்சடித்தால் என்ன ஆகும் என்று ஒரு அத்தியாயம் போடுங்களேன். ஆயிரம் பேர் ஒரே ராத்திரியில் சத்தமாக வாசித்தால் கடல் யார் பேச்சைக் கேட்கும்?

ஒரு சின்னக் குறை. நீங்கள் அனுப்பிய சுருக்கத்தில் அந்த நாட்டில் இருக்கிற எல்லா ஓலையும் மந்திரமாகவே இருக்கிறது. அப்படி ஒரு ஊரும் இருக்காது. நாஞ்சில் நாட்டில் அழகியபாண்டியபுரம் பெரியவீட்டு முதலியார் ஓலைகள் இருக்கின்றனவே, கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளை அக்கறையோடு தேடிப் படித்தவை. அவற்றில் மந்திரமும் இல்லை, மாயமும் இல்லை. நிலம், வரி, தண்ணீர், மனிதரை அடிமையாக விற்ற ஆவணம். ஊர் எப்படி ஓடியது என்பது முழுக்க அதில்தான் இருக்கிறது. ஆயிரம் ஓலை கடனையும் வாய்க்காலையும் பேசினால்தான் அதற்குள் ஒளிந்திருக்கிற ஒரு ஓலை மந்திரம் என்பது உறைக்கும். கொல்லம் ஆண்டு போல, கி.பி. 825-ல் தொடங்கினது, உங்கள் நாட்டுக்கென்று ஒரு ஆண்டுக்கணக்கும் வைத்து ஒவ்வொரு ஓலையிலும் போட்டுவிடுங்கள். எந்தப் படி முந்தினது என்று சண்டை போட அது உதவும்.

அரங்கேற்றத்தையும் மறக்க வேண்டாம். தொல்காப்பியத்தைப் பாண்டியன் அவையில் அதங்கோட்டாசான் கேட்டு ஒப்பினார் என்று அதன் பாயிரம் சொல்கிறது. நம் அதங்கோட்டுக்காரர்கள் இன்றும் நெஞ்சு நிமிர்த்திச் சொல்லும் விஷயம் அது. ஆழியேட்டை முதலில் கேட்டு 'சரி' என்று தலையாட்டியது யார்? அவர் கடற்கரைக்காரரா, மலைக்காரரா?

கடல் ஊருக்குள் வருவதை மட்டும் வேடிக்கையாக எழுதாதீர்கள். 2004 டிசம்பர் 26-ஐ மணக்குடியிலும் குளச்சலிலும் கொட்டில்பாட்டிலும் யாரும் மறக்கவில்லை. உங்கள் நாவலை அங்கேயும் படிப்பார்கள். அலை எவ்வளவு உயரம் என்று விவரிப்பதைவிட, வடிந்த பிறகு எந்தக் கிணற்றுத் தண்ணீர் உப்பாயிற்று என்று எழுதுங்கள்.

கடைசியாக, சுவடியின் முடிவில் வெறும் ஏடுகள் இரண்டு இருக்கின்றன, அதில் கண்ணுக்குத் தெரியாத மந்திரம் இருக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். உண்மையில் சுவடிக்கு முன்னும் பின்னும் வெற்றேடு வைப்பது உண்டு. உள்ளே இருக்கிறது உரசித் தேயாமல் இருக்க, அவ்வளவுதான். எங்கள் பாட்டா போன பிறகு ஒருவர் படியெடுத்துத் தருகிறேன் என்று அந்தக் கட்டை வாங்கிக்கொண்டு போனார். கட்டும் வரவில்லை, படியும் வரவில்லை. கயிற்றில் இருந்து முன்பே கழன்று பரணில் கிடந்த மூன்று ஏடுதான் வீட்டில் மிச்சம். இரண்டில் பாட்டு இருக்கிறது, ஓரம் உடைந்துபோனதால் எத்தனையாவது ஏடு என்று தெரியவில்லை. மூன்றாவது வெற்றேடு. ரொம்ப நாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். போன வருடம் கரி பூசித் துடைத்துப் பார்த்தேன். ஆச்சி கைப்பட நாலு வரி எழும்பி வந்தது, சக்கரம் என்ற பழைய காசில் ஒரு கணக்கு. கருப்பட்டி எட்டு, கொடுத்தது அஞ்சு, பாக்கி மூன்று சக்கரம்.